புதுக்கடையில் சுருங்கிய கப்பல்

வெள்ளவத்தை
4.8.2025

மதிப்புக்குரிய பேர்ணடெற் சிஸ்டர் அவர்களுக்கு,

இந்தக் கடிதத்தை ஏற்கெனவே எழுதிக் கிழித்துவிட்டேன். அதில் விளக்கம் கூடிவிட்டது. விளக்கம் கூடக்கூட என் பக்கம்தான் நியாயம் என்பதுபோல் வந்தது. ஆகவே நடந்ததை மட்டும் எழுதுகிறேன்.

போன சனிக்கிழமை கொட்டாஞ்சேனையில் உங்கள் வீட்டில், நீங்கள் பிளேன்ரீ போடக் குசினிக்குப் போன நேரம், நாம் சேர்ந்து செய்யும் மாதிரிக் கப்பலில் நடுப் பாய்மரத்தின் கயிற்றேணியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அதன் படிகளில் நீங்கள் போட்டிருந்தது கப்பல்காரர் போடும் முடிச்சு இல்லை. கை தானாகப் போய்விட்டது. நீங்கள் கோப்பைகளோடு திரும்பி வந்தபோது ஒரு வரிசையை அவிழ்த்து வேறு மாதிரிக் கட்டி முடித்திருந்தேன். கேட்டுவிட்டுச் செய்திருக்க வேண்டும். கேட்கப் பயமாக இருந்தது. கேட்காமல் செய்வது அதைவிடப் பயங்கரமான காரியம் என்று உங்கள் முகத்தைப் பார்த்த பிறகுதான் தெரிந்தது.

"உங்கட பாதிய தூக்கிக்கொண்டு வெளிய போங்க" என்றீர்கள். கப்பலின் உடலை மடியில் வைத்துக்கொண்டு ஓட்டோவில் வந்தேன். காலி வீதியில் சிக்னலுக்குச் சிக்னல் பஸ்ஸில் இருந்தவர்கள் எட்டிப் பார்த்தார்கள். பாய்மரங்களும் பாய்களும் கயிறுகளும் உங்களிடம் இருக்கின்றன.

செப்டெம்பர் 27ஆம் திகதி பம்பலப்பிட்டியில் மாதிரிக் கப்பல் கண்காட்சி. நம் இருவர் பெயரையும் நீங்கள்தான் கொடுத்தீர்கள். நான் ஓய்வு பெற்ற நாளிலிருந்து செய்த கப்பல்கள் எல்லாம் படுக்கையறை அலுமாரிக்குள் இருக்கின்றன. மனைவி நாகேஸ்வரியைத் தவிர யாரும் அவற்றைப் பார்த்ததில்லை. வெளியே வரவிருந்த முதலாவது கப்பல் இந்த 'லூசிண்டா'தான். அதுவும் வராமல் போய்விடுமோ என்றுதான் இதை எழுதுகிறேன்.

போனில் கதைக்க வேண்டாம், எதுவானாலும் எழுத்தில் தரும்படி சொன்னீர்கள். எனக்கும் அதுவே வசதி. மருதானையில் நம் இருவருக்கும் பலகைத் துண்டு தரும் ஷிப்லியின் பட்டறையில் இதை விடுகிறேன். அவர் சிரித்தார். "நான் மரம் விக்கிற மனிசன் சேர், தபால்காரன் இல்ல. சரி, வைங்க. சிஸ்டர் வந்தா குடுக்கிறேன், அடி விழுந்தா நீங்கதான் பொறுப்பு" என்றார்.

மன்னிக்கவும்.

இப்படிக்கு,
வ. சிவானந்தன்


கொட்டாஞ்சேனை
7.8.2025

திரு. சிவானந்தன் அவர்களுக்கு,

நான் ஒப்பரேஷன் தியேட்டரில் தாதியாக நின்று தலை நரைத்தவள். அந்த முடிச்சு, பெரிய பெரிய சேர்ஜன்மார் மனிசருடைய வயிற்றுக்குள் போட்ட முடிச்சு. பக்கத்தில் நின்று பார்த்துப் பழகினேன். வயிற்றில் பிடித்தது உங்களுடைய கப்பலில் பிடிக்காதா? அந்த ஆட்கள் எழும்பி நடந்து வீட்டுக்குப் போனார்கள். உங்கள் முடிச்சைப் போட்டிருந்தால் வாசலிலேயே அவிழ்ந்திருக்கும்.

ஆனால் எனக்குக் கோபம் முடிச்சால் இல்லை. "சிஸ்டர், இது பிழை" என்று முகத்துக்கு நேரே சொல்லியிருந்தால் சண்டை பிடித்திருப்பேன், பிறகு பிளேன்ரீ குடித்திருப்போம். நான் அந்தப் பக்கம் திரும்பும் வரைக்கும் பார்த்திருந்து அவிழ்த்தீர்களே, அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

என் மகள் யூஜினா சொல்கிறாள்: "அம்மா, அந்த அங்கிள் உங்கள கண்டா கதவுக்குப் பின்னால ஒளியிற ஆள். அவரோட கோவிக்கிறது பாவம்." பாவம்தான். ஆனாலும் கோவிப்பேன்.

லூசிண்டா எனக்கும் வேண்டும். ஆகவே இப்படிச் செய்வோம். உடல், டெக், நங்கூரம், சின்னப் படகுகள் எல்லாம் உங்கள் வீட்டில். பாய்மரம், பாய், கயிறு எல்லாம் என் வீட்டில். கண்காட்சிக்கு முதல் நாள் ஷிப்லியின் பட்டறையில் பொருத்துவோம். அதுவரை என் பாதியை நீங்கள் கண்ணாலும் காணக் கூடாது. வரைபடம் உங்கள் பெட்டிக்குள் போய்விட்டது. ஒரு பிரதி அனுப்புங்கள்.

பேர்ணடெற்


வெள்ளவத்தை
12.8.2025

அன்புள்ள சிஸ்டர்,

உங்கள் கடிதத்தை நின்றபடியே வாசித்தேன். ஷிப்லி பயந்து கதிரை கொண்டுவந்து போட்டார். சம்மதம், முழுச் சம்மதம்!

வரைபடத்தின் பிரதி இத்துடன் இருக்கிறது. மூலப்படம் கொஞ்சம் பெரியது என்பதால் சாதாரணக் கடைகளில் முடியவில்லை. புதுக்கடைப் பக்கம், நீதிமன்றத்துக்கு முன்னால், காணி உறுதிப் பத்திரங்களுக்குப் பிரதி எடுக்கும் கடையில் எடுத்தேன். பின்னால் லிகிதர்மார் கட்டுக் கட்டாகக் கடதாசியோடு நெருக்கிக்கொண்டு நின்றார்கள். கடைக்காரர் ஏதோ கேட்டார். எனக்குச் சரியாகக் கேட்கவில்லை. ஓம் என்று சொல்லி வாங்கிக்கொண்டு ஒதுங்கிவிட்டேன். கோடுகள் எல்லாம் தெளிவாக வந்திருக்கின்றன.

படத்தில் அளவுகள் எழுதப்படவில்லை என்பது உங்களுக்குத் தெரியும். டிவைடரை வைத்துக் கோட்டிலிருந்து நேரே எடுத்தால் போதும்.

நாகேஸ்வரி கேட்கிறா: "என்னப்பா, சாப்பாட்டு மேசையை எப்ப திருப்பித் தரப் போறியள்? கட்டில்லயிருந்து சாப்பிடுறதுக்கோ உங்களைக் கட்டினனான்?" செப்டெம்பர் கடைசியில் என்று சொல்லியிருக்கிறேன்.

சிவானந்தன்


கொட்டாஞ்சேனை
28.8.2025

சிவா அண்ணனுக்கு,

கோபம் போகவில்லை. ஆனால் யாரிடமாவது சொல்லாவிட்டால் வெடித்துவிடுவேன்!

பாய்கள் முடிந்தன! துணியைப் பிளேன்ரீயில் ஊறவைத்து நிழலில் காயப் போட்டேன். வெள்ளைவெளேர் என்று கல்யாணத்துக்குப் போவது போல இருந்தவை, இப்போது பாதிக் கடலைச் சுற்றி வந்தவை மாதிரி இருக்கின்றன. யூஜினா அதைக் கைதுடைக்கும் துணி என்று நினைத்து எடுத்துவிட்டாள். நான் போட்ட சத்தத்தில் கீழ் வீட்டு மயிலம்மா மேலே ஓடிவந்து, "கள்ளனா சிஸ்டர்?" என்று கேட்டா.

மூன்று பாய்மரங்களும் நிற்கின்றன. கயிற்றேணிகளும் கட்டியாயிற்று, என் முடிச்சில்தான். தியேட்டர் ஃபோர்செப்ஸால் நூலைப் பிடித்து, மூச்சை அடக்கி, ஒவ்வொன்றாக. காலையில் பூசைக்குப் போனால் பிரசங்கம் காதில் விழுவதில்லை. கோயில் கூரையில் தொங்கும் விளக்கைப் பார்த்து, இதை எந்தக் கயிறு பிடித்துக்கொண்டிருக்கிறது என்று யோசிக்கிறேன். பாதர் நான் உருகிப்போய் ஜெபிக்கிறேன் என்று நினைக்கிறார்.

உங்கள் பாதி எப்படி?

பேர்ணடெற்


வெள்ளவத்தை
8.9.2025

அன்புள்ள சிஸ்டர்,

என் பாதியும் முடிந்தது என்று சொல்லலாம் போல இருக்கிறது. சொல்லத்தான் பயம். டெக்கின் பலகைகளை ஒவ்வொன்றாக ஒட்டி, கடைசி வார்னிஷ் பூசி, நேற்றுக் காலை வெயில் படட்டும் என்று பல்கனியில் வைத்தேன். எதிர்வீட்டு மாடியில் உடுப்புக் காயப்போட வந்த பெண் கொடியை விட்டுவிட்டுப் பார்த்துக்கொண்டே நின்றா. நான் உள்ளே ஓடிவிட்டேன். ஆனால் திரைச்சீலைக்குப் பின்னால் நின்று, அவ பார்ப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். இதை உங்களிடம் மட்டும்தான் சொல்கிறேன்.

ஒரு விண்ணப்பம். நடுப் பாய்மரத்தை மட்டும் ஷிப்லியிடம் விடுவீர்களா? டெக்கில் உள்ள துளை சரிதானா என்று பார்த்துவிட்டு உடனே தந்துவிடுவேன். முடிச்சுகளைத் தொட மாட்டேன். வேண்டுமானால் கயிறுகளைத் துணியால் சுற்றி முத்திரை வைத்து அனுப்புங்கள்.

சிவானந்தன்


வெள்ளவத்தை
15.9.2025

சிஸ்டர்,

பாய்மரம் கிடைத்தது. அழகு. கயிற்றைச் சுற்றி பிளாஸ்டர் ஒட்டி அதன்மேல் 'தொட்டால் தெரியும்' என்று எழுதியிருந்ததையும் வாசித்தேன். தொடவில்லை.

மரம் குட்டை.

துளைக்குள் இறக்கினேன். அடி தட்டியது. மேலே மூன்று சென்ரிமீற்றர் போதவில்லை. முதலில் நீங்கள் பிழை விட்டீர்கள் என்று நினைத்தேன். அப்படி நினைத்ததற்கும் சேர்த்து மன்னிக்க வேண்டும். பிறகு, பிரதி எடுத்த அன்று என்னிடமே வைத்துக்கொண்ட இன்னொரு பிரதியை மூலப்படத்தின் மேல் வைத்துப் பார்த்தேன். பிரதி சிறியது. உறுதிகளுக்கு ஓரத்தில் இடம் விடுவதற்காக அந்த மெசின் எல்லாவற்றையும் கொஞ்சம் சுருக்கி எடுக்கிறது. கடைக்குத் திரும்பப் போய்க் கேட்டேன். கடைக்காரர் அன்று கேட்டது அதைத்தான்: "சுருக்கி எடுக்கவா சேர்?" நான் ஓம் என்று சொல்லியிருக்கிறேன்.

நான் நில அளவைத் திணைக்களத்தில் படவரைஞனாக இருந்தவன். படத்தின் கீழ் மூலையில் அளவுக்கோடு இருக்கிறது. அதில் ஒரு தடவை அடிமட்டத்தை வைத்திருந்தால் அங்கேயே தெரிந்திருக்கும். பின்னால் நின்ற லிகிதர்மார் அவசரப்படுகிறார்கள் என்று கூச்சப்பட்டு வந்துவிட்டேன். உங்கள் மூன்று பாய்மரங்களும், ஒவ்வொரு கயிறும், ஒவ்வொரு படியும், என் கூச்சத்தின் அளவுக்குச் சுருங்கிப் போயிருக்கின்றன.

நடு மரத்தைப் பத்திரமாகச் சுற்றி இத்துடன் ஷிப்லியிடம் விடுகிறேன். என்ன செய்வதென்று தெரியவில்லை. தயவுசெய்து கோவிக்க வேண்டாம் என்று கேட்கவும் முகமில்லை.

சிவானந்தன்


வெள்ளவத்தை
19.9.2025

அன்புள்ள சிஸ்டர்,

நல்ல செய்தி! இந்தப் பேனை ஓடுவதைப் பாருங்கள், ஓர் இடத்தில் நிற்கிறதில்லை.

மூன்று நாள் யோசித்தேன். உங்கள் முடிச்சு ஒன்றைக்கூட இனி அவிழ்க்க விடுவதில்லை என்று தீர்மானித்தேன். பிழை என்னுடையது, ஆகவே மாற வேண்டியது என் பாதி. பாய்மரத் துளைகளுக்குள் கட்டை இறக்கி அடியை உயர்த்தினேன். குட்டை மரம் இப்போது சரியான உயரத்தில் நிற்கும். பிறகு, கப்பலின் இரு பக்கமும் உங்கள் கயிறுகளின் கீழ் நுனி வந்து பிடிக்கும் கட்டைகளைக் கழற்றி, உங்கள் அளவுக்கு நெருக்கி மேலே ஏற்றிப் பொருத்தினேன். பழைய துளைகளை அடைத்து வார்னிஷ் பூசினேன். துளை போடும்போது, "நல்ல சாமானில ஏனப்பா ஓட்டை போடுறியள்?" என்று நாகேஸ்வரி கத்தினா. எனக்குக் கை நடுங்கவில்லை. அதுதான் பெரிய அதிசயம்.

உங்கள் வேலையில் எதையும் மாற்ற வேண்டாம். அப்படியே கொண்டு வாருங்கள்!

சிவானந்தன்


கொட்டாஞ்சேனை
19.9.2025

சிவா அண்ணா,

உங்கள் கடிதம் வாசித்து அரை நாள் கோவித்தேன். பிறகு புதுக்கடையில் கறுப்புக் கோட்டுக்காரருக்கு நடுவில் நீங்கள் "ஓம், ஓம்" என்று தலையாட்டிக்கொண்டு நிற்பதை நினைத்தேன். சிரிப்பு வந்துவிட்டது. சிரித்த பிறகு கோபத்தை எங்கே வைத்தேன் என்று தேடியும் காணவில்லை.

எல்லாவற்றையும் சரிசெய்துவிட்டேன்! மூன்று மரத்துக்கும் அடியில் துண்டு ஒட்டி நீட்டினேன். டெக்குக்குக் கீழே போகும் பகுதி, யாருக்குத் தெரியப் போகிறது? கயிறு எல்லாம் அறுத்து எறிந்தேன். ஆம், நானே! புதுக் கயிறு, உங்கள் மூலப்படத்தின் அளவுக்கு. எவ்வளவு கூட்டுவது என்று யூஜினா கல்குலேட்டரில் கணக்குப் போட்டுத் தந்தாள். இடப்பக்கம் மட்டும்தான் கட்டியிருக்கிறேன், விரல் வீங்கிவிட்டது. வலப்பக்கக் கயிறுகள் சும்மா தொங்குகின்றன. பொருத்தும் அன்றைக்கு அதைக் கட்டுவோம்.

நீங்கள் ஒன்றும் செய்ய வேண்டாம். அந்த வார்னிஷைத் தொட்டுவிடாதீர்கள்!

பேர்ணடெற்


கொட்டாஞ்சேனை
22.9.2025

அண்ணா,

ஐயோ.

ஷிப்லி உங்கள் கடிதத்தை என் கையில் தந்தபோது, என் கடிதத்தை நீங்கள் அப்போதுதான் கொண்டுபோனதாகச் சொன்னார். பட்டறையிலேயே வாசித்தேன். வாசித்துவிட்டு மரத்தூள் மேலே உட்கார்ந்துவிட்டேன். ஷிப்லி ஓடிவந்து, "என்ன சிஸ்டர், யாரும் மௌத்தாப் போனாங்களா?" என்று செத்தவீட்டு முகத்தோடு கேட்டார். "இல்ல, நாங்க ரெண்டு பேரும் திருந்திட்டோம்" என்றேன். விஷயத்தைச் சொன்னதும் அந்த மனிசன் ஆணிப் பெட்டியைக் கட்டிப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "சண்டயில இருந்தப்ப கப்பல் ஒழுங்கா வந்திச்சி. ரெண்டு பேரும் நல்லவங்களாப் போய்த்தான் கெட்டுப்போச்சி" என்கிறார்.

இப்போது நீங்கள் என் அளவில், நான் உங்கள் அளவில். சனிக்கிழமை கண்காட்சி. என் விரல் வீக்கம் வற்ற இன்னும் சில நாள் வேண்டும், அதற்குள் கட்டி முடியாது.

ஒரு யோசனை வந்திருக்கிறது. சொன்னால் நீங்கள் ஒளித்துக்கொள்வீர்கள், ஆனாலும் சொல்கிறேன். கப்பலைப் பாதியாகவே கொண்டுபோவோம். மேசையில் வைத்து, எல்லார் கண்ணுக்கும் முன்னால், அங்கேயே கட்டுவோம். நீங்கள் அடைத்த துளைகளைத் திறந்து கட்டைகளைப் பழைய இடத்துக்குக் கொண்டு வாருங்கள். நான் மரத்தை நிறுத்துகிறேன். இடப்பக்கம் என் முடிச்சு, வலப்பக்கம் உங்களுடையது. பூட்டும் நேரத்துக்குள் முடிப்போம்.

ஏற்பாட்டுக்காரரிடம் கேட்டுவிட்டேன். போட்டிக்கு எடுக்க மாட்டார்களாம், ஆனால் வாசலுக்கு நேரே மேசை தருவார்களாம். வருவீர்களா? இந்தத் தடவை கேட்டுவிட்டுத்தான் செய்கிறேன், பார்த்தீர்களா?

பேர்ணடெற்


வெள்ளவத்தை
24.9.2025

அன்புள்ள சிஸ்டர்,

உண்மையைச் சொல்கிறேன். வேலையில் இருந்த காலத்தில் யாராவது எனக்குப் பின்னால் வந்து நின்றால் பேனையைக் கீழே வைத்துவிடுவேன். அவர் போன பிறகுதான் கோடு போடுவேன். சக வேலையாட்கள் இதற்காகவே வேண்டுமென்று வந்து நிற்பார்கள். வாசலுக்கு நேரே மேசை என்றால் என் நிலைமையை யோசித்துப் பாருங்கள். நூல் நடுங்கும். விழும். சனம் பார்க்கும்.

நாகேஸ்வரியிடம் கேட்டேன். "அந்த மனிசி தன்ர வேலையை எல்லாம் அறுத்தெறிஞ்சிட்டு உங்களைக் கூப்பிடுறா. போகாட்டி நான் போய் இருந்து கட்டுவன்" என்றா. அவவுக்குச் சட்டைப் பொத்தான் தைக்கவே பொறுமை இல்லை. லூசிண்டாவுக்கு அந்தக் கதி வரக் கூடாது.

வருகிறேன்.

சிவானந்தன்


வெள்ளவத்தை
28.9.2025

அன்புள்ள பேர்ணடெற் சிஸ்டர்,

இனிக் கடிதம் தேவையில்லைதான், போனிலும் கதைக்கலாம் என்றீர்கள். ஆனால் நேற்றைய நாளை எழுதிப் பார்க்காமல் எனக்கு நம்ப முடியவில்லை.

காலையில் முதல் துளையைத் திறக்கும்போது கண்ணாடி மூக்கிலிருந்து வழுக்கிக்கொண்டே இருந்தது. நீங்கள் எல்லாருக்கும் கேட்கும்படி, "அண்ணா, மூச்சை விடுங்க, கப்பலுக்கு முதல் நீங்க தண்ணிக்குள்ள தாண்டுபோவீங்க" என்றீர்கள். சனம் சிரித்தது. அந்தச் சிரிப்போடு ஏதோ கழன்று விழுந்தது, கை நிதானத்துக்கு வந்துவிட்டது. கண்ணாடிப் பெட்டிக்குள் எத்தனையோ நல்ல கப்பல்கள் இருந்தும், சனம் ஏன் நம் மேசையைச் சுற்றி நின்றது? கட்டும்போது பார்க்கலாம் என்பதாலா? எனக்கு இன்னும் விளங்கவில்லை.

உங்கள் முடிச்சா என் முடிச்சா நல்லது என்று கேட்ட டாக்டரம்மாவை நீங்கள் உங்கள் பக்கம் சேர்த்துக்கொண்டது நியாயமில்லை. என் பக்கத்துக்குத் துறைமுகத்தில் இழுவைப்படகு ஓட்டின பெரியவர் ஒருவர் வந்து சேர்ந்தார், நல்ல காலம்.

பின்னேரம் பூட்டும் நேரம் வந்தபோது, வலப்பக்கம் கடைசிக் கயிறு இன்னும் தொங்கிக்கொண்டிருந்தது. மின்விசிறிகளை நிறுத்திவிட்டார்கள். நான் நூலை வைத்துவிட்டு எழும்பப் போனேன். அப்போது பின்னால் இருந்து யாரோ சிங்களத்தில், "அங்கிள், நவத்தன்ன எப்பா!" என்றார். நிறுத்த வேண்டாமாம். திரும்பிப் பார்த்தேன். அவ்வளவு பேரும் எனக்குப் பின்னால்தான் நின்றிருக்கிறார்கள், எவ்வளவு நேரமோ தெரியாது. காவலாளி சாவிக் கொத்தோடு அவர்களுக்கு நடுவில் நின்று எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். திரும்பவும் இருந்து கட்டினேன். முடித்து நூலை நறுக்கியபோது கைதட்டினார்கள். நான் உங்களைப் பார்த்தேன். நீங்கள் ஏன் அழுதீர்கள்? கண்ணில் வார்னிஷ் பட்டது என்று சொன்னதை நான் நம்பவில்லை. நேற்று வார்னிஷ் கொண்டுவரவே இல்லை.

முதல் மாதம் கப்பலை என் வீட்டில் வைக்கச் சொன்னீர்கள். முன்னறையில், கடற்கரைப் பக்கம் ஜன்னலுக்கு நேரே வைத்திருக்கிறேன். மற்றக் கப்பல்களையும் அலுமாரியிலிருந்து இறக்கிக்கொண்டிருக்கிறேன். சாப்பாட்டு மேசை மறுபடியும் போய்விட்டது என்று நாகேஸ்வரி உங்களிடம் முறையிடுவா.

சிவானந்தன்


கொட்டாஞ்சேனை
30.9.2025

சிவா அண்ணா,

வார்னிஷ்தான். பக்கத்தில் நின்ற ஷிப்லியைக் கேளுங்கள்.

ஒன்று சொல்ல வேண்டும். சனிக்கிழமை மத்தியானம் நீங்கள் பிளேன்ரீ குடிக்க வெளியே போனீர்களே, அந்த நேரம் உங்கள் பக்கத்தில் ஒரு முடிச்சை அவிழ்த்து என் முடிச்சைப் போட்டுவிட்டேன். எது என்று சொல்ல மாட்டேன். இப்போது நமக்குள் கணக்குச் சரி.

சனிக்கிழமை வாருங்கள். அடுத்த கப்பலுக்கு ஷிப்லி நல்ல லுணுமிதெல்ல பலகை எடுத்து வைத்திருக்கிறார்.

பேர்ணடெற்


வெள்ளவத்தை
2.10.2025

அன்புள்ள சிஸ்டர்,

கண்டுபிடித்துவிட்டேன். முன் மரம், மேலிருந்து நாலாவது படி. பூதக்கண்ணாடியோடு நான் நின்ற கோலத்தைப் பார்த்து நாகேஸ்வரி, "அவிழ்க்கப் போறியளோ?" என்று கேட்டா.

கை தானாகத்தான் போனது. தொட்டுப் பார்த்தேன். நன்றாக இறுகியிருக்கிறது. அப்படியே விட்டுவிட்டேன்.

சனிக்கிழமை வருகிறேன். நீங்கள் பிளேன்ரீ போடப் போகும்போது நானும் குசினிக்குக் கூட வந்து நிற்கிறேன். அதுதான் நம் இருவருக்கும் நல்லது.

சிவா